கார்ட்டூனுக்கு இசை எழுதிய அந்த ஹங்கேரிய ஜாஸ்காரர் யார்?

கேள்வி இதுதான்: ஜார்ஜ் ஆர்வெல்லின் 'விலங்குப் பண்ணை' கதையைக் கார்ட்டூன் படமாக எடுத்தார்களாமே, அதற்கு இசையமைத்தவர் ஒரு ஹங்கேரிய ஜாஸ் கலைஞராம், அவர் யார், நிஜமாகவே ஜாஸ்காரர்தானா, எதிலிருந்து கேட்க ஆரம்பிக்கலாம்?

அவர் பெயர் மாட்யாஷ் ஷைபர். ஹங்கேரியில் குடும்பப் பெயர்தான் முன்னால் வரும், அதனால் அவர்கள் வாயில் ஷைபர் மாட்யாஷ். ஆங்கில எழுத்தைப் பார்த்து 'சைபர்' என்று தமிழில் எழுதினால் மனிதர் பூஜ்யமாகிவிடுவார், ஆகவே 'ஷ' போட்டே எழுதுகிறேன். நீங்கள் ஆர்வெல் பெயரைச் சொல்லாமல் 'ஹங்கேரிய ஜாஸ்காரர், கார்ட்டூன் இசை' என்று மட்டும் கேட்டிருந்தால் இன்னொருவரும் பொருந்துவார். டெயாக் தமாஷ் என்று பெயர். (ஆமாம், தமாஷ்தான். நம்மூர் தாமஸ் அங்கே தமாஷ்.) 1928இல் பிறந்த ட்ரம்பெட் கலைஞர், சொந்தமாகப் பெரிய ஜாஸ் குழு நடத்தியவர். ஹங்கேரியக் குழந்தைகள் தொலைக்காட்சியில் பார்த்து வளர்ந்த மேஸ்கா குடும்பத் தொடரும், 1986இல் வந்த மாச்கஃபோகோ என்ற பூனை எலிப் படமும் அவர் இசை. அவரைப் பற்றித் தனியாகவே எழுதலாம். இங்கே ஷைபர்.

நான் கொஞ்ச வருஷம் ஒரு அனிமேஷன் ஸ்டுடியோவில் ஒலித்தொகுப்பு வேலை பார்த்தவன். அந்த வேலையில் இருந்தபோதுதான் இவர் பெயர் முதலில் கண்ணில் பட்டது, அதனால் பதிலும் அந்தப் பக்கத்திலிருந்தே வரும்.

முதலில் அந்தப் படம். 'அனிமல் ஃபார்ம்' 1954 டிசம்பர் கடைசியில் நியூயார்க்கில் வெளியாகி, அடுத்த மாதம் லண்டனுக்கு வந்தது. 72 நிமிடம். திரையரங்குக்கு வந்த முதல் முழுநீள பிரிட்டிஷ் கார்ட்டூன் படம் இதுதான். எடுத்தவர்கள் ஜான் ஹாலஸ், ஜாய் பேச்சலர் என்ற கணவன் மனைவி. ஹாலஸும் ஹங்கேரிக்காரர்தான், புடாபெஸ்டில் 1912இல் ஹலாஸ் யானோஷாகப் பிறந்து, 1936இல் லண்டனுக்கு வந்து ஜான் ஹாலஸ் ஆனவர். இந்தப் படத்துக்கான பணம் சுற்றுவழியில் அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏவிலிருந்து வந்தது என்பது பிற்பாடு வெளியே வந்த கதை. ஆர்வெல்லின் நாவல் முடியும் இடத்தில் பன்றி எது, மனிதன் எது என்றே தெரியாமல் போய்விடும், அதோடு சரி. படத்தில் மற்ற விலங்குகள் திரும்ப ஒருமுறை கிளர்ந்து பன்றிகளையும் கவிழ்த்துவிடுகின்றன. இந்த மாற்றத்தைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள், இசையைப் பற்றி அதில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை.

எனக்குப் படத்திலேயே பிடித்த இடம் தொடக்கத்தில் வருகிறது. கிழட்டுப் பன்றி மேஜர் கொட்டகையில் எல்லா விலங்குகளையும் கூட்டி வைத்துப் பேசிவிட்டு ஒரு புரட்சிப் பாட்டைச் சொல்லிக் கொடுக்கும். நாவலில் அந்தப் பாட்டுக்கு வரிகள் உண்டு, மெட்டு எப்படி இருக்கும் என்றும் ஆர்வெல் கிண்டலாக ஒரு குறிப்பு வைத்திருப்பார், 'க்ளெமன்டைன்' பாட்டுக்கும் 'லா குக்கராச்சா'வுக்கும் நடுவில் ஏதோ ஒன்று என்று. படத்தில் வரிகளே கிடையாது. மாடு மாட்டுக் குரலில், வாத்து வாத்துக் குரலில், ஆடு ஆட்டுக் குரலில் பாடுகிறது. இதை எழுதச் சொன்னால் பத்தில் ஒன்பது இசையமைப்பாளர்கள் நகைச்சுவையாகத்தான் எழுதுவார்கள், ஏனென்றால் கார்ட்டூனில் மாடு பாடினாலே சிரிப்புத்தான் வரும். ஷைபர் எழுதியது நிஜமான ஊர்வலப் பாட்டு. தேவாலயக் கூட்டுப் பாடலின் கட்டுக்கோப்பு அதில் இருக்கிறது, குரல்கள் மட்டும்தான் விலங்குகளுடையவை. முதல் அரை நிமிடம் சிரிக்கலாமா வேண்டாமா என்று தவிப்போம், அப்புறம் சிரிப்பு போய்விடும். பாடிக்கொண்டிருக்கும்போதே மேஜர் செத்து விழுகிறது.

படத்தில் எல்லா விலங்குகளுக்கும் குரல் கொடுத்தவர் ஒரே ஆள், மாரிஸ் டென்ஹம். கதை சொல்லும் குரல் தனி. வசனம் குறைவு. அப்படியென்றால் மிச்ச நேரத்தை எல்லாம் யார் சுமந்தது என்று யோசித்துப் பாருங்கள். ஹாலஸும் பேச்சலரும் படம் முழுவதற்கும் பதற்றம் எங்கே ஏற வேண்டும், எங்கே இறங்க வேண்டும் என்று ஒரு வரைபடம் போட்டு வைத்திருந்தார்கள், ஜுரம் பார்க்கும் சார்ட் மாதிரி. இசையையும் அந்தக் கோட்டை ஒட்டியே திட்டமிட்டார்கள். குதிரை பாக்ஸரை வண்டியில் ஏற்றிக்கொண்டு போகும்போது கழுதை பெஞ்சமின் பின்னாலேயே ஓடும் காட்சியை ஒருமுறை படத்தைப் பார்க்காமல் ஒலியை மட்டும் வைத்துக் கேளுங்கள். வண்டி எவ்வளவு தூரம் போய்விட்டது என்று காதாலேயே தெரிந்துகொள்ளலாம்.

இங்கே கொஞ்சம் தொழில் பேச வேண்டும், இல்லாவிட்டால் ஒரு ஜாஸ் வாத்தியார் ஏன் இந்த வேலைக்குச் சரிப்பட்டார் என்பது புரியாது.

சாதாரணப் படத்துக்குப் பின்னணி இசை என்றால் காட்சியை எடுத்து, வெட்டி ஒட்டி முடித்தபிறகு இசையமைப்பாளர் வந்து உட்காருவார். கார்ட்டூனில் பெரும்பாலும் தலைகீழ். பூனை எந்த நொடியில் குதிக்க வேண்டும் என்பதை வரைபவர் வரைவதற்கு முன்பே முடிவு செய்தாக வேண்டும். அதனால் இசையின் தாளம் முதலில் தாளில் ஏறும், அதை வைத்து ஓவியர் வரைவார். ஒரு நொடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படம், ஒரு நிமிடத்துக்கு 1440. தாளத்தின் ஒரு பீட்டுக்கு 12 ஃபிரேம் என்று வைத்தால் நிமிடத்துக்கு 120 பீட், சுறுசுறுப்பான நடை. 16 ஃபிரேம் வைத்தால் 90. 8 வைத்தால் 180, துரத்தல் காட்சி. சரி, 115 வேண்டும் என்றால்? முழு ஃபிரேம் கணக்கில் கிடைக்காது, 12க்கு 120, 13க்கு 110 சொச்சம், நடுவில் ஒன்றுமில்லை. 35 எம்எம் ஃபிலிமில் ஒரு ஃபிரேமுக்கு ஓரத்தில் நாலு துளை உண்டு, அதை எண்ணிக் கால் ஃபிரேம் வரைக்கும் இறங்கலாம். பன்னிரண்டரை ஃபிரேம் வைத்தால் 115.2. இப்படியெல்லாம் எண்ணித்தான் அந்தக் காலத்தில் ஒரு எலி மாடிப்படி இறங்கியது.

இதில் ஜாஸ் எங்கே வருகிறது? 12 ஃபிரேம் பீட்டைச் சரி பாதியாக வெட்டினால் இடையடி 6ஆவது ஃபிரேமில் விழும், அது ராணுவ நடை. ஜாஸ்காரன் அதையே மூன்றாக வெட்டி மூன்றாவது துண்டின் தொடக்கத்தில், அதாவது 8ஆவது ஃபிரேமில் போடுவான். இரண்டு ஃபிரேம்தான் வித்தியாசம், ஒரு நொடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு. அந்த இரண்டு ஃபிரேம் தள்ளிப்போனதும் நடக்கிற உருவத்துக்கு இடுப்பு முளைத்துவிடும். நான் இதை முதல்முறை ஒரு வாத்து நடையில் மாற்றிப் பார்த்தபோது அறையில் இருந்த நாலு பேரும் ஒரே நேரத்தில் சிரித்தோம். வரைந்த படம் அதேதான், ஒன்றையும் மாற்றவில்லை. காலடிச் சத்தத்தை மட்டும் இரண்டு ஃபிரேம் தள்ளி வைத்தோம்.

ஷைபர் வாழ்நாள் முழுக்க ஆராய்ந்து, எழுதி, சொல்லிக்கொடுத்த விஷயமே இந்த 'எங்கே தள்ளி வைப்பது'தான்.

இப்போது பின்னால் போவோம். 1905 மே 4, புடாபெஸ்டில் பிறப்பு. அங்கே இசைக் கழகத்தில் செல்லோ வாசிப்பை அடால்ஃப் ஷிஃபரிடமும் இசையமைப்பை ஸோல்டான் கோடாயிடமும் படித்தார். கோடாயும் பெலா பார்டோக்கும் ஹங்கேரி கிராமம் கிராமமாகப் போய் நாட்டுப்பாட்டுகளைப் பதிவு செய்தவர்கள் என்பது தெரிந்திருக்கும். மாணவனாக இருக்கும்போதே ஷைபர் ஆறு ஊதுகருவிகளுக்கு ஒரு செரனேடு எழுதிப் போட்டிக்கு அனுப்பினார். பரிசு கிடைக்கவில்லை. நடுவர் குழுவில் இருந்த பார்டோக், இதற்குப் பரிசு இல்லையென்றால் நானும் இல்லை என்று விலகிவிட்டார். இருபது வயதுப் பையனுக்கு இதைவிடப் பெரிய பரிசு ஏது.

அதற்கப்புறம் அவர் செய்த காரியம்தான் வாழ்க்கையைத் திருப்பியது. கப்பலில் பயணிகளுக்கு வாசிக்கும் இசைக்குழுவில் செல்லோக்காரராகச் சேர்ந்தார். வட அமெரிக்கா, தென் அமெரிக்கா என்று துறைமுகம் துறைமுகமாகப் போனது அந்தக் கப்பல். ஜாஸை அவர் நேரில் கேட்டது அந்தப் பயணத்தில்தான். இசைத்தட்டுகளையும் அச்சடித்த நோட்டுகளையும் வைத்தே ஐரோப்பாவில் பலரும் ஜாஸ் பற்றிப் பேசிக்கொண்டிருந்த காலத்தில், இவர் காதால் கேட்டுவிட்டு வந்து இறங்கினார்.

ஜெர்மனியில் பிராங்க்ஃபர்ட் நகரத்தின் ஹோக் கன்சர்வேட்டரி 1878இல் தொடங்கிய பெரிய இசைப் பள்ளி, கிளாரா ஷூமன் பியானோ சொல்லிக்கொடுத்த இடம். அதன் இயக்குநர் பெர்ன்ஹார்ட் ஸெக்லெஸ் 1927 கடைசியில் ஓர் அறிவிப்பு விட்டார்: வரும் ஜனவரியிலிருந்து இங்கே ஜாஸ் வகுப்பு. உலகத்தில் எங்குமே ஒரு கன்சர்வேட்டரியில் அப்படி ஒரு வகுப்பு அதுவரை இருந்ததில்லை. ஜாஸ் பிறந்த அமெரிக்காவிலேயே பட்டப்படிப்பாக அது வந்தது 1947இல், வடக்கு டெக்சாஸில். ஸெக்லெஸின் அறிவிப்பில் கறுப்பின மக்களின் புது ரத்தம் நம் இசைக்கு நல்லது என்கிற தொனியில் ஒரு வாக்கியம் இருந்தது. இன்றைக்குப் படித்தால் அந்த வாக்கியமே நெளிய வைக்கும், அன்றைக்கு ஜெர்மன் தேசியவாதிகள் நேரெதிர்க் காரணத்துக்காகக் குதித்தார்கள். செய்தித்தாள்களில் வசை, பிரஷ்ய சட்டமன்றத்தில் விவாதம் வரைக்கும் போனது. ஒரு இசைப் பள்ளியில் சாக்ஸபோன் சொல்லித்தருவதா வேண்டாமா என்பதற்குச் சட்டமன்றம்!

அந்த வகுப்பின் பொறுப்பைத்தான் 22 வயது ஷைபரிடம் கொடுத்தார்கள். ட்ரம்ஸ், சாக்ஸபோன், ட்ராம்போன், பாஞ்சோ என்று வாத்தியப் பயிற்சி, அதோடு கூட்டாக வாசிக்கப் பழக்குவது. 1929இல் ஜாஸ் ட்ரம்ஸ் கற்பதற்கு ஒரு பாடநூலே எழுதினார், மைன்ஸ் நகரத்து ஷாட் பதிப்பகம் வெளியிட்டது. வாதம் வந்தபோது அவர் 'மெலோஸ்' என்ற இதழில் எழுதிய கட்டுரையில், ஜாஸை ஒரு கலகமாகவோ நாகரிகமாகவோ காட்டவில்லை. இது நல்ல பயிற்சிக் கருவி என்றார். கன்சர்வேட்டரி மாணவன் நோட்டைப் பார்த்து வாசிப்பான், தாளம் காதில் நிற்காது, இன்னொருவனோடு சேர்ந்து அந்த நேரத்தில் கற்பனை செய்து வாசிக்கச் சொன்னால் திணறுவான், ஜாஸ் அதைச் சரி செய்யும் என்பது அவர் கட்சி. உங்கள் இரண்டாவது கேள்விக்கு இதில் பாதிப் பதில் இருக்கிறது. இரவு விடுதியில் வியர்க்க வியர்க்க வாசித்த ஜாஸ்காரர் அல்ல அவர். அதே பிராங்க்ஃபர்ட்டில் லென்ஸெவ்ஸ்கி நால்வர் குழுவில் செல்லோ வாசித்துக்கொண்டும் இருந்தார். அவர் சொல்லிக்கொடுத்த ஜாஸும் பெரும்பாலும் அன்றைய ஐரோப்பா அறிந்த நடன இசைச் சாயல் கொண்டதுதான், நியூ ஆர்லியன்ஸ் ஜாஸ் என்று யாரும் நினைத்துக்கொள்ள வேண்டாம். ஆனால் ஜாஸின் எலும்புக்கூட்டை, அதாவது தாளத்தை, அக்கக்காகப் பிரித்துப் பார்த்த முதல் ஐரோப்பியர்களில் ஒருவர்.

அந்த எலும்புக்கூடு எப்படி என்றால், எட்டு சின்ன அடிகளை நாலு நாலாகப் பிரிக்காமல் 3, 3, 2 என்று பிரிப்பது. வாயால் சொல்லிப் பாருங்கள்: தகிட தகிட தக. கீழே கால் ஒன்று இரண்டு மூன்று நாலு என்று சீராகத் தட்டிக்கொண்டே இருக்கும், மேலே மெட்டு தகிட தகிட தக என்று இழுக்கும். இரண்டும் தொடக்கத்தில் சேரும், நடுவில் பிரியும், மறுபடி சேரும். ஜாஸ் தாளங்களைப் பற்றி 1945இல் 'மியூசிக் ரெவ்யூ' இதழில் நீண்ட கட்டுரையே எழுதினார்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. இருபதாம் நூற்றாண்டில் ஜாஸை மிகக் கடுமையாகத் திட்டிய தத்துவவாதி தியோடர் அடோர்னோ, அதே பிராங்க்ஃபர்ட்காரர், ஸெக்லெஸின் பழைய மாணவர். ஹெக்டர் ரோட்வைலர் என்ற புனைபெயரில் அவர் 1936இல் எழுதிய ஜாஸ் எதிர்ப்புக் கட்டுரையில், தொழில்நுட்ப விஷயங்களைப் பேசித் தெளிவாக்கியதற்காக நன்றி சொல்லியிருப்பது ஷைபருக்கு! ஒருவர் ஜாஸைப் பள்ளிக்கூடத்தில் வைக்கப் பாடுபட்டார், இன்னொருவர் அவரிடமே பாடம் கேட்டுக்கொண்டு போய் அதை அடித்து நொறுக்கினார். அடோர்னோ பக்கம் நிறைய பேர் நிற்பார்கள், எனக்கென்னவோ அந்தக் கட்டுரையில் காது இருப்பது ஷைபரிடமிருந்து வந்த பகுதிகளில் மட்டும்தான் என்று தோன்றும்.

1933 ஜனவரியில் ஹிட்லர் ஆட்சிக்கு வந்தார். ஸெக்லெஸும் யூதர், ஷைபரும் யூதர். இருவருமே வெளியேற்றப்பட்டார்கள், ஜாஸ் வகுப்பு மூடப்பட்டது. ஸெக்லெஸ் அடுத்த வருடம் இறந்துபோனார். ஷைபர் ஹங்கேரிக்குத் திரும்பி, அங்கேயும் தங்க முடியாமல், 1935இல் இங்கிலாந்தில் குடியேறினார்.

இங்கிலாந்தின் முதல் வருடங்களைக் கேட்டால் கஷ்டமாக இருக்கும். கோடாயின் மாணவன், பார்டோக் சண்டை போட்ட பையன், உலகின் முதல் ஜாஸ் பேராசிரியர், இத்தனையும் இருந்தும் லண்டனில் பசிக்குச் சோறு வேண்டுமே. ஷாட் பதிப்பகத்தின் லண்டன் கிளைக்கு ஆலோசகர் வேலை, கூடவே அக்கார்டியன் பாடங்கள், அக்கார்டியன் குழுக்களுக்கு ஏற்ற உருப்படிகள் என்று எழுதித் தள்ளினார். அப்போது இங்கிலாந்தில் அக்கார்டியன் குழுக்களுக்குப் பயங்கர கிராக்கி. இவற்றில் பலவற்றுக்கு ஜி.எஸ். மாதிஸ் என்ற புனைபெயர் வைத்துக்கொண்டார். தன் பெயரான மாட்யாஷையே குடும்பப் பெயர் மாதிரி ஆக்கிவிட்டார் பாருங்கள்.

1940இல் ஹாலஸும் பேச்சலரும் ஸ்டுடியோ தொடங்கினார்கள். போர்க்காலம். அரசாங்கத்துக்குப் பிரச்சாரப் படங்கள் வேண்டும், போர் முடிவதற்குள் எழுபது சொச்சம் சின்னப் படங்கள் எடுத்துக் கொடுத்தது அந்த ஸ்டுடியோ. இசைக்கு ஷைபரும், ருமேனியாவிலிருந்து வந்த ஃபிரான்சிஸ் ஷக்ரின் என்பவரும்தான் முக்கியமான ஆட்கள். இரண்டு அகதிகள் என்று சொல்லலாம், ஹாலஸையும் சேர்த்தால் மூன்று. 1942இல் வந்த 'டஸ்ட்பின் பரேட்' ஐந்தாறு நிமிடப் படம். குப்பையில் கிடக்கும் தகர டப்பா, எலும்பு, பிதுக்கித் தீர்ந்த ட்யூப் எல்லாம் போருக்கு ஆள் சேர்க்கிற இடத்துக்குப் போய் எங்களையும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று நிற்கும். பழைய சாமான்களைத் தூக்கிப் போடாதீர்கள், ஆயுதம் செய்ய உதவும் என்பதுதான் செய்தி. அரசாங்க நோட்டீஸை இப்படி எடுத்தால் யார்தான் பார்க்க மாட்டார்கள். போருக்கப்புறம் புது அரசாங்கத்தின் திட்டங்களை மக்களுக்கு விளக்க சார்லி என்ற பாத்திரத்தை வைத்து ஒரு தொடர் வந்தது, 1948இல் வந்த 'சார்லி இன் நியூ டவுன்' அதில் ஒன்று, அதற்கும் இவர் இசை. அதே வருடம் 'மேஜிக் கேன்வாஸ்' என்று கதையே இல்லாமல் உருவங்கள் உருமாறிக்கொண்டே போகும் ஒரு பரிசோதனைப் படம், அதற்கும் இவர்தான். ஒருபக்கம் நகராட்சி விளக்கம், மறுபக்கம் அரூபக் கலை. இரண்டுக்கும் ஒரே மனிதரைக் கூப்பிட்டார்கள், அவரும் எதையும் கீழான வேலை என்று நினைத்ததாகத் தெரியவில்லை.

இதற்கிடையில் 1942இல் ஆங்கிலேய இசையமைப்பாளர் மைக்கேல் டிப்பெட் கூப்பிட்டு மார்லி கல்லூரியில் ஆசிரியராகச் சேர்ந்தார். வேலைக்குப் போகிறவர்கள் மாலையில் வந்து படிக்கும் இடம் அது. லண்டன் குண்டுவீச்சில் 1940இல் அதன் கட்டடமே இடிந்துபோயிருந்தது. அங்கேயும் வீட்டிலும் ஷைபரிடம் படித்தவர்களின் பட்டியலைப் பார்த்தால்தான் அவர் எவ்வளவு பெரிய வாத்தியார் என்று தெரியும். பீட்டர் ரசீன் ஃபிரிக்கர், ஹ்யூ வுட், ஆஸ்திரேலியாவிலிருந்து வந்த டான் பேங்க்ஸ் என்று ஒரு தலைமுறையே இருக்கிறது. இரண்டு பேரைத் தனியாகச் சொல்ல வேண்டும்.

ஒருவர் ஜான் மேயர். கல்கத்தாவில் பிறந்த ஆங்கிலோ இந்தியர், வயலின்காரர். 1952இல் லண்டனுக்குப் படிக்க வந்து ஷைபரிடம் இசையமைப்புக் கற்றார். 1960களின் நடுவில் ஜமைக்கா சாக்ஸபோன் கலைஞர் ஜோ ஹாரியட்டோடு சேர்ந்து ஒருபுறம் சிதார், தம்புரா, தபலா, மறுபுறம் ஜாஸ் ஐவர் என்று உட்கார வைத்து 'இந்தோ ஜாஸ் ஃப்யூஷன்ஸ்' நடத்தியவர் இவர்தான். ஃப்யூஷன் என்ற வார்த்தையைக் கேட்டாலே முகம் சுளிப்பவர்கள்கூட இதைக் கேட்டுப் பார்க்கலாம். நோட்டு எழுதிய பகுதி எங்கே முடிகிறது, கற்பனை வாசிப்பு எங்கே தொடங்குகிறது என்பதில் கறாராக இருப்பார். அந்தக் கறார்த்தனம் குருவிடமிருந்து வந்ததாக எனக்குப் படுகிறது.

இன்னொருவர் அஞ்செலா மார்லி. பிபிசி வானொலியில் 'கூன் ஷோ' என்ற கோமாளித்தனமான நிகழ்ச்சிக்கு இசைக்குழு நடத்தியவர். இவரும் ஷைபரிடம் படித்தவர். 1978இல் 'வாட்டர்ஷிப் டவுன்' என்ற முயல்களின் கார்ட்டூன் படத்துக்கு வேறொருவர் இசையமைக்கத் தொடங்கி முடிக்க முடியாமல் போக, குறைந்த அவகாசத்தில் வந்து எழுதிக் கொடுத்தவர் மார்லிதான். பிரிட்டிஷ் கார்ட்டூன்களில் குழந்தைகளை அழவைத்தவை என்று இரண்டு படங்களின் பெயரைச் சொல்லச் சொன்னால் ஒன்று குருவினுடையது, இன்னொன்று சிஷ்யையினுடையது.

மற்றதை வேகமாகச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பட்டியல் நீளும். ஜேம்ஸ் ஜாய்ஸின் 'யுலிஸீஸ்' நாவலில் இரவு வானத்தைப் பார்க்கும் பகுதியை எடுத்துக் குரல் குழுவுக்கும் இசைக்குழுவுக்குமாக 1947இல் ஒரு பெரிய உருப்படி முடித்தார், தீவிர இசை ரசிகர்கள் அவர் பெயரை நினைவு வைத்திருப்பது இதற்காகத்தான். புதிய இசையை மேடையேற்ற 1943இல் ஓர் அமைப்பைத் தொடங்கியவர்களில் ஒருவர். கார்ட்டூன் அல்லாமல் நடிகர்கள் நடித்த படங்கள் பலவற்றுக்கும், 'எ டவுன் லைக் ஆலிஸ்' உட்பட, பின்னணி இசை. 1956இல் 'பை தி ஃபவுன்டன்ஸ் ஆஃப் ரோம்' என்று ஒரு காதல் பாட்டுக்கு மெட்டுப் போட்டார், நார்மன் நியூவெல் வரிகள், டேவிட் ஹ்யூஸ் பாடி விற்பனைப் பட்டியலில் ஏறி, ஐவர் நொவெல்லோ விருதும் வாங்கியது. பன்னிரு சுர முறையில், அதாவது பன்னிரண்டு சுரங்களையும் ஒரே வரிசையாகக் கோத்து அதை வைத்தே, எழுதுகிற ஆசாமி ஒரு பாப் ஹிட்டும் கொடுத்தால் இரண்டு முகாமுக்கும் அவர்மேல் சந்தேகம் வரத்தானே செய்யும். அவர் பெயர் இன்று பெரிதாகத் தெரியாமல் போனதற்கு இதையும் ஒரு காரணமாக நான் நினைக்கிறேன். ஜாஸ்காரர்களுக்கு அவர் கன்சர்வேட்டரி ஆள், கன்சர்வேட்டரிக்கு அவர் கார்ட்டூன் ஆள், கார்ட்டூன் ரசிகர்கள் இசையமைப்பாளர் பெயர் வரும்போது நாற்காலியை விட்டு எழுந்துவிடுவார்கள்.

1959இல் பிரிட்டிஷ் ஜாஸ் கலைஞர் ஜானி டேங்க்வொர்த்தோடு சேர்ந்து ஜாஸ் குழுவுக்கும் சிம்பொனி இசைக்குழுவுக்குமாக ஒரு 'இம்ப்ரோவைசேஷன்ஸ்' எழுதினார். பிராங்க்ஃபர்ட்டுக்கு முப்பது வருடம் கழித்து, அந்தப் பழைய வகுப்பறைக் கனவு லண்டன் மேடையில் இரண்டு குழுக்களாக எதிரெதிரே உட்கார்ந்தது. எனக்கு இதன் எல்லாப் பகுதியும் பிடிக்கும் என்று சொல்ல மாட்டேன், சில இடங்களில் இரண்டு குழுவும் நீங்க முதலில், இல்லை நீங்க முதலில் என்று மரியாதை பார்த்துக்கொண்டு நிற்பது போல இருக்கும்.

அடுத்த வருடம் தென்னாப்பிரிக்காவுக்குச் சொற்பொழிவுப் பயணம் போனார். 1960 செப்டம்பர் 24, க்ரூகர் தேசியப் பூங்காவுக்குள் நடந்த கார் விபத்தில் இறந்துபோனார். வயது 55. புடாபெஸ்டில் எழுபத்தேழு வயது கோடாய், தன் மாணவனுக்காக ஓர் இரங்கல் பாட்டு எழுதினார், வாழ்வின் நடுவிலேயே சாவில் இருக்கிறோம் என்ற பழைய லத்தீன் வரிகளுக்கு. 1956இல் ஹங்கேரியை விட்டுத் தப்பி வந்திருந்த இசையமைப்பாளர் ஜார்ஜ் லிகெட்டி, 1961இல் எழுதிய 'அட்மாஸ்ஃபியர்ஸ்' என்ற உருப்படியை ஷைபர் நினைவுக்குச் சமர்ப்பித்தார். இதை நீங்கள் கேட்டிருக்க வாய்ப்பு அதிகம். ஸ்டான்லி குப்ரிக்கின் '2001: எ ஸ்பேஸ் ஒடிசி' தொடங்குமுன் திரை கறுப்பாகவே இருக்க, இசை மட்டும் புகை மாதிரி நகருமே, அது. தாளமே தெரியாத இசை, வாழ்நாள் முழுக்கத் தாளத்தை எண்ணியவருக்குச் சமர்ப்பணம்.

எதிலிருந்து ஆரம்பிப்பது? 'அனிமல் ஃபார்ம்' தேடினால் எளிதில் கிடைக்கும், கொட்டகைப் பாட்டும் பாக்ஸர் காட்சியும் போதும் முதல் நாளுக்கு. கதை தெரியாவிட்டால் க.நா.சு.வின் தமிழ் மொழிபெயர்ப்பு இருக்கிறது, முதலில் அதைப் படித்துவிட்டால் படம் எங்கே விலகுகிறது என்று சுலபமாகப் பிடிபடும். அடுத்து 'டஸ்ட்பின் பரேட்'. மூன்றாவதாக 'ஜாஸலெட்ஸ்' என்று இரண்டு குட்டி உருப்படிகள், பிராங்க்ஃபர்ட் காலத்தில் தொடங்கியவை, இரண்டு சாக்ஸபோன், ட்ரம்பெட், ட்ராம்போன், பியானோ, ட்ரம்ஸ், மொத்தம் ஆறு பேர்தான். இரண்டாவதில் பன்னிரு சுர வரிசையையே ஜாஸ் மெட்டாக்கி விளையாடியிருப்பார். வீட்டில் பியானோ கற்கிற பிள்ளை இருந்தால் 'ஈஸி டான்சஸ்' புத்தகத்தை வாங்கிக் கொடுங்கள், டாங்கோ, ரும்பா, ஃபாக்ஸ்ட்ராட் எல்லாம் சின்னக் கைக்கு எட்டுகிற மாதிரி எழுதியது. பிள்ளை இடது கையைச் சீராக வைத்துக்கொண்டு வலது கையைத் தள்ளி வாசிக்கத் திணறும். அப்போது பக்கத்தில் உட்கார்ந்து தகிட தகிட தக சொல்லிக் கொடுங்கள், பிடித்துக்கொள்ளும்.